யார் தடுத்தார்கள் என்று பிள்ளைகளுக்குச் சொல்லுங்கள்

சிறுவர்களுக்கு எழுதப்படும் பெண் தலைவர்களின் வாழ்க்கை வரலாறுகள் பற்றி, ஓய்வுபெற்ற தலைமையாசிரியர் ஒருவர் சென்ற இதழில் எழுதியிருந்த கட்டுரையைப் படித்தேன். பத்து வயதுப் பிள்ளைக்கு அந்தப் பெண்களின் சாதனையை மட்டும் சொன்னால் போதும் என்கிறார். அவர்களைத் தடுத்தவர்கள், அவமானப்படுத்தியவர்கள், அதற்குப் பின்னால் இருந்த சாதி, வழக்கம், கட்சி எதுவும் புத்தகத்தில் வேண்டாம் என்கிறார். அதையெல்லாம் எழுதினால் பிஞ்சு மனதில் வெறுப்பு விழும், ஆண் பிள்ளைகள் குறுகிப்போவார்கள், அந்தக் காலமே மலையேறிவிட்டது என்பவை அவர் சொல்லும் காரணங்கள்.

கட்டுரை கனிவான குரலில் எழுதப்பட்டிருக்கிறது. அதன் ஆபத்து அந்தக் கனிவில்தான் இருக்கிறது. இந்த இதழைப் படிப்பவர்களில் பலர் மதுரையிலும் சுற்றுவட்டாரத்திலும் பள்ளி நடத்துகிறவர்கள். ஆண்டு விழாவுக்குப் பரிசுப் புத்தகம் வாங்குகிறவர்கள். மார்ச் 8 வந்தால் பேச்சுப் போட்டிக்குத் தலைப்புக் கொடுக்கிறவர்கள். அவர்கள் இந்த யோசனையை ஏற்றுக்கொண்டால் நம் பிள்ளைகளின் கைக்கு வரப்போவது பொய். அதனால் தயவு தாட்சண்யம் இல்லாமலே பதில் சொல்கிறேன்.

அவருடைய விதியை நம் ஊர்ப் பெண்கள் மீது வைத்துப் பார்க்கலாம். முதலில் சின்னப்பிள்ளை. அழகர்கோயில் பக்கத்துப் பில்லுசேரிக்காரர், எழுதப் படிக்கத் தெரியாத விவசாயக் கூலி. 1999 ஆம் ஆண்டுக்கான ஸ்திரீ சக்தி விருதை 2001 ஜனவரியில் டெல்லியில் வழங்கியபோது பிரதமர் வாஜ்பாய் அவர் காலைத் தொட்டு வணங்கினார். 2019இல் பத்மஸ்ரீ வந்தது. கட்டுரையாளரின் விதிப்படி குழந்தைக்கு இவ்வளவு போதும்: ஏழைப் பெண், நல்லவர், பிரதமரே அவர் காலில் விழுந்தார். ஏன் விழுந்தார் என்று பிள்ளை கேட்டால் என்ன சொல்வது? களஞ்சியம் என்ற சேமிப்புக் குழுவைப் பெண்கள் ஏன் ஆரம்பித்தார்கள்? கந்துவட்டிக்காரனிடம் வாங்கிய கடனுக்கு வட்டி கட்டியே வாழ்நாள் முழுக்க உழைக்க வேண்டியிருந்ததால் ஆரம்பித்தார்கள். சின்னப்பிள்ளை எப்படித் தலைவி ஆனார்? நடவுக்கும் களையெடுப்புக்கும் போகிற பெண்களைத் திரட்டி, நிலக்காரர்களிடம் கூலி பேசி ஆனார். வட்டிக்காரனையும் நிலக்காரனையும் எடுத்துவிட்டால் களஞ்சியம் வெறும் உண்டியல் ஆகிவிடும். சின்னப்பிள்ளை அதிர்ஷ்டக்காரக் கிழவி ஆகிவிடுவார். தன் வீட்டு வாசலிலும் வாரா வாரம் ஒரு ஆள் வட்டிக்கு வந்து நிற்பதைப் பார்த்து வளரும் மேலூர்ப் பக்கத்துப் பிள்ளைக்கு, இந்தப் புத்தகத்தால் ஒரு பயனும் இல்லை.

அடுத்து ஸ்வர்ணத்தம்மாள். 1942 வெள்ளையனே வெளியேறு போராட்டத்தின்போது மதுரையில் ஊர்வலம் நடத்திய பெண்களில் அவரையும் லட்சுமிபாயையும் போலீஸ் பிடித்துக்கொண்டு போனது. ஊருக்கு வெளியே கொண்டுபோய், உடைகளைப் பறித்துக்கொண்டு விட்டுவிட்டு வந்தார்கள். அந்தச் செய்தி நகரத்தையே கொதிக்க வைத்தது. ஆத்திரமடைந்த இளைஞர்கள் அதற்குக் காரணமான காவல் ஆய்வாளர் மேல் திராவகம் வீசினார்கள். மதுரையின் விடுதலைப் போராட்டக் கதையில் மறைக்கவே முடியாத சம்பவம் இது. கட்டுரையாளர் இதை மறைக்கச் சொல்கிறார். ஸ்வர்ணத்தம்மாள் நாட்டுக்காகச் சிறை சென்றார் என்று ஒரு வரியில் முடித்துக்கொள்ளச் சொல்கிறார்.

பத்து வயதுப் பிள்ளைக்கு இதை எப்படிச் சொல்வது என்பது நியாயமான கேள்வி. அது எழுத்தாளரின் கைப்பக்குவம். விவரம் குறைக்கலாம், நிதானமாக எழுதலாம், திராவகம் வீசியதைப் பாராட்டாமல், நடந்தது என்று மட்டும் சொல்லலாம். ஆனால் நடக்கவே இல்லை என்பதுபோல் எழுதினால், அந்தச் சம்பவத்தின் அவமானத்தைப் போலீஸிடமிருந்து எடுத்து அந்தப் பெண்ணின் தலையில் வைக்கிறோம். வெளியே சொல்லக் கூடாத ஏதோ ஒன்று அவருக்கு நடந்துவிட்டது என்று ஆக்குகிறோம். இதே பள்ளிகளில் 2012இன் போக்சோ சட்டம் பற்றிப் பிள்ளைகளுக்குச் சொல்லித் தருகிறோம். யாராவது தப்பாக நடந்தால் பயப்படாமல் வெளியே சொல், வெட்கப்பட வேண்டியது நீ இல்லை என்கிறோம். அடுத்த பாடவேளையில் ஸ்வர்ணத்தம்மாளுக்கு நடந்ததை மறைத்தால், பிள்ளை இரண்டில் எதை நம்பும்?

வெறுப்பு விழும் என்ற வாதத்துக்கு மதுரையிலிருந்தே பதில் இருக்கிறது. இந்த ஊரில் எந்தப் பிள்ளைக்குக் கண்ணகி கதை தெரியாது? விசாரிக்காமல் கணவனைக் கொன்றான் பாண்டியன், அவனுடைய சபைக்குள் நுழைந்து சிலம்பை உடைத்தாள் ஒரு பெண், ஊர் எரிந்தது. சிம்மக்கல் செல்லத்தம்மன் கோயிலில் கண்ணகிக்குச் சிலை இருக்கிறது. தலைமுறை தலைமுறையாகப் பாட்டிமார் இதைச் சொல்லி வந்திருக்கிறார்கள், வாத்தியார்கள் நாடகமாகவே போட்டிருக்கிறார்கள். மன்னன்மேல் வெறுப்பு விழும், பாண்டியன் பெயரை எடுத்துவிடுங்கள் என்று யாரும் எழுதியதில்லை. பாண்டியன் இல்லாவிட்டால் கண்ணகி இல்லை என்று எல்லோருக்கும் தெரியும். இரண்டாயிரம் வருடத்துக்கு முந்தைய மன்னன் தவறு செய்தான் என்றால் தாங்கிக்கொள்கிற பிஞ்சு மனம், எழுபது எண்பது வருடத்துக்கு முன் நம் தாத்தாமார் தவறு செய்தார்கள் என்றால் ஏன் வாடிவிட வேண்டும்? வாடுவது பிள்ளைகளின் மனம் அல்ல. அந்தத் தாத்தாமாரின் பெயரைக் காப்பாற்ற நினைக்கிற பெரியவர்களின் மனம்.

பிள்ளைகளோடு உட்கார்ந்து புத்தகம் வாசித்தவர்களுக்கு ஒன்று தெரியும். அவர்களின் முதல் கேள்வியே ‘யாரு?’ என்பதுதான். முத்துலட்சுமி ரெட்டியைப் பற்றிய ஒரு சின்னப் புத்தகத்தை ஐந்தாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு வாசித்துக்கொண்டிருந்தேன். பல தடைகளைத் தாண்டிப் படித்தார் என்று ஒரு வரி வந்தது. "யாருக்கா தடை போட்டது?" என்று ஒரு பெண் குழந்தை கேட்டாள். புத்தகத்தில் பதில் இல்லை. நான்தான் சொன்னேன். புதுக்கோட்டையில் பையன்கள் படிக்கும் கல்லூரியில் ஒரு பெண்ணைச் சேர்க்கக் கூடாது என்று பெற்றோர்கள் எதிர்த்தார்கள். அவருடைய அம்மா தேவதாசி மரபில் பிறந்தவர் என்பதையும் காரணமாகச் சொன்னார்கள். மன்னர் உத்தரவிட்ட பிறகுதான் இடம் கிடைத்தது. பிள்ளைகள் யாரும் அழவில்லை, யார் மேலும் வெறுப்பில் பொங்கவும் இல்லை. இன்னும் கேட்டார்கள். அப்புறம் பாஸ் பண்ணாங்களா? அந்தப் பெற்றோரெல்லாம் என்ன சொன்னாங்க? 'பல தடைகள்' என்ற சொற்களுக்குப் பின்னால் ஒளிந்துகொண்டது எழுதியவர்தான்.

அதே முத்துலட்சுமி 1927இல் சென்னை சட்டமன்றத்தில் தேவதாசி முறைக்கு எதிராகத் தீர்மானம் கொண்டுவந்தார். சட்டம் முழுமையாக நிறைவேறியது 1947இல். நடுவில் இருபது வருடம் ஏன் ஆனது? அந்த முறை கலையைக் காக்கிறது, சம்பிரதாயத்தைக் காக்கிறது என்று பெரிய மனிதர்கள் எதிர்த்தார்கள். தீரர் என்று நாம் கொண்டாடும் சத்தியமூர்த்தியும் எதிர்த்தார். இதைச் சொன்னால் சத்தியமூர்த்தியின் தியாகம் குறைந்துவிடாது. வெள்ளைக்காரனை எதிர்த்த ஒரு பெரிய மனிதர் இந்த விஷயத்தில் தவறான பக்கம் நின்றார் என்பதைப் பத்து வயதிலேயே ஒரு பிள்ளை தெரிந்துகொண்டால், நாளைக்கு எந்தத் தலைவரையும் கண்ணை மூடிக்கொண்டு கும்பிடாது.

கட்சி வேண்டாம் என்கிறாரே, அங்கேதான் எனக்குக் கோபம் அதிகம். அந்த விதிக்கு முதல் பலி கே.பி.ஜானகியம்மாள். மதுரையில் 1917இல் பிறந்தார். சிறுமியாகவே நாடகக் கம்பெனியில் சேர்ந்தார், பாடி நடித்துப் புகழ் பெற்றார். திருமங்கலத்தில் வாழ்ந்த விஸ்வநாததாஸ் மேடையில் தேசபக்திப் பாட்டுப் பாடிக் கைதாகிக்கொண்டிருந்த காலம் அது. அவர் முடிதிருத்தும் மருத்துவர் சமூகத்தில் பிறந்தவர் என்பதால் அவரோடு ஜோடியாக நடிக்க மற்ற நடிகைகள் மறுத்தார்கள். ஜானகியம்மாள் நடித்தார். காங்கிரஸில் சேர்ந்தார், பிறகு கம்யூனிஸ்ட் ஆனார். யுத்த எதிர்ப்புப் பேச்சுக்காகச் சிறைக்குப் போனார். நகைகளையும் பட்டுச் சேலைகளையும் இயக்கத்துக்கே கொடுத்தார். 1967இல் மதுரை கிழக்குத் தொகுதியின் சட்டமன்ற உறுப்பினர். பாப்பா உமாநாத் போன்றவர்களோடு சேர்ந்து தமிழ்நாட்டில் ஜனநாயக மாதர் சங்கத்தைக் கட்டியவர். 1992இல் மறைந்தபோது சொத்து என்று எதுவும் வைத்திருக்கவில்லை.

இதில் சாதியை எடுங்கள்: விஸ்வநாததாஸோடு மேடையேறியதில் என்ன வீரம் இருக்கிறது என்று புரியாது. கட்சியை எடுங்கள்: சிறை எதற்கு, நகை எங்கே போனது, மாதர் சங்கம் எங்கிருந்து வந்தது என்று புரியாது. மிஞ்சுவது நன்றாகப் பாடிய ஒரு நடிகை. காமராஜர் வரலாற்றைக் காங்கிரஸ் என்ற பெயர் இல்லாமல் எழுதச் சொல்லி யாரும் கேட்டதில்லை. வ.உ.சி.யை அரசியல் இல்லாமல் வெறும் கப்பல் வியாபாரி என்று எழுதச் சொன்னதில்லை. ஆண் தலைவருக்குக் கட்சி இருந்தால் அது கொள்கை. பெண்ணுக்கு இருந்தால் மட்டும் குழந்தைகளிடமிருந்து மறைக்க வேண்டிய அழுக்கா? கட்டுரையாளர் இதை யோசித்து எழுதினாரா, யோசிக்காமல் எழுதினாரா தெரியாது. எப்படி எழுதியிருந்தாலும் இது அநீதி.

ஆண் பிள்ளைகள் குறுகிப்போவார்கள் என்ற வாதம் பலரையும் இளக வைக்கும். ஆனால் கதையை முழுமையாகப் படித்தால் நிலைமை நேர் எதிர். டி.வி.சுந்தரம் ஐயங்காரின் மகள் சௌந்தரம். சின்ன வயதில் கல்யாணம். கணவர் சௌந்தரராஜன் டாக்டர், இளம் வயதிலேயே இறந்துபோனார். சாகும்முன் மனைவியிடம், மூலையில் முடங்காதே, படி, மறுமணமும் செய்துகொள் என்று சொல்லிவிட்டுப் போனார். சௌந்தரம் டெல்லிக்குப் போய் மருத்துவம் படித்தார். கேரளத்துக்காரரான ஜி.ராமச்சந்திரனை மணக்க விரும்பியபோது வீடு எதிர்த்தது. ஒரு வருடம் பிரிந்திருந்து பாருங்கள் என்றார் காந்தி. மனம் மாறவில்லை. 1940இல் கல்யாணத்தைக் காந்தியே முன்நின்று நடத்தி வைத்தார். அந்த இருவரும் 1947இல் சின்னாளபட்டிக்குப் பக்கத்தில் தொடங்கியதுதான் காந்திகிராமம்.

விதவை என்றால் என்ன கதி என்பதைச் சொல்லாமல் சௌந்தரராஜனின் பெருந்தன்மையை ஒரு பையனுக்கு எப்படிப் புரியவைப்பது? கலப்பு மணத்துக்கு இருந்த எதிர்ப்பைச் சொல்லாமல் ராமச்சந்திரன் காத்திருந்ததை எப்படி விளக்குவது? முத்துலட்சுமியைப் படிக்க வைத்த அப்பா நாராயணசாமியும் அப்படித்தான். வத்தலக்குண்டுப் பக்கத்தில் நிலமற்ற தலித் குடும்பத்தில் 1926இல் பிறந்த கிருஷ்ணம்மாளை மணந்து, ஆயுள் முழுக்கக் கூடவே நடந்த ஜெகந்நாதனும் அப்படித்தான். 1968 டிசம்பர் 25 அன்று கீழ்வெண்மணியில் 44 பேர் எரிக்கப்பட்ட பிறகு, அந்த இருவரும் தஞ்சைக்குப் போய் நிலமற்ற பெண்களின் பெயரில் நிலம் வாங்கித் தரும் வேலையில் இறங்கினார்கள். தடுத்தவர்களை அழித்தால் துணை நின்ற ஆண்களும் சேர்ந்தே அழிந்துபோவார்கள். ஒரு பையனுக்குக் காட்டத்தக்க நல்ல ஆண்கள் இவர்கள். இவர்களையும் பறித்துவிட்டு அவனைக் காப்பாற்றினேன் என்று சொல்வது என்ன நியாயம்?

காலம் முடிந்துவிட்டது என்ற கடைசி வாதத்துக்கு நிறைய இடம் கொடுக்க மாட்டேன். உசிலம்பட்டிப் பக்கம் பெண் சிசுக்கள் கொல்லப்படுவதை 1980களில் பத்திரிகைகள் எழுதியபோது நாடே அதிர்ந்தது. அந்தச் செய்தியைப் படித்தவர்கள் இன்னும் உயிரோடு இருக்கிறார்கள், கட்டுரையாளரும் படித்திருப்பார். 2011 மக்கள்தொகைக் கணக்கில் தமிழ்நாட்டில் ஆறு வயது வரையிலான ஆயிரம் ஆண் குழந்தைகளுக்குப் பெண் குழந்தைகள் 943 பேர்தான். பரீட்சையில் பெண்கள் முதலிடம் வாங்குவதைக் காட்டி இதை மூடிவிட முடியாது.

கல்லூரிப் பெண்கள் பலருக்கு அரசு மாதம் ஆயிரம் ரூபாய் கொடுக்கிறதே, புதுமைப் பெண் திட்டம், அதன் முழுப்பெயரில் மூவலூர் இராமாமிர்தம் அம்மையார் இருக்கிறார். பணம் வாங்குகிற எத்தனை பெண்களுக்கு அவர் யார் என்று தெரியும்? சின்னக் குழந்தையாகத் தேவதாசி ஒருவரிடம் விற்கப்பட்டவர். அதிலிருந்து வெளியேறி, அந்த முறையை ஒழிக்க மேடை மேடையாகப் பேசியவர். 1936இல் அதைப் பற்றி நாவலே எழுதியவர். பெயரை மட்டும் விண்ணப்பப் படிவத்தில் அச்சடித்து வாழ்க்கையை மறைத்தால் இதுதான் நடக்கும். கட்டுரையாளர் கேட்கும் புத்தகங்கள் அந்தப் படிவத்தைப் போன்றவை. பெயர் இருக்கும், வருடம் இருக்கும், விருது இருக்கும். ஆள் இருக்க மாட்டார்.

அவர் சொன்னதில் ஒன்றை மட்டும் ஏற்கிறேன். இப்போது வரும் புத்தகங்கள் பல வெறும் கோஷமாக இருக்கின்றன, பிள்ளைகள் இரண்டாவது பக்கத்தில் மூடிவிடுகிறார்கள். உண்மைதான். அதற்கு மருந்து கதையை நன்றாக எழுதுவது, படம் வரைபவருக்கு உரிய கூலி கொடுப்பது, பேசிப் பார்த்து எழுதுவது. உண்மையைக் குறைப்பது மருந்தாகாது.

ஆசிரியர்களே, நூலகர்களே, அடுத்த முறை தமுக்கம் புத்தகத் திருவிழாவில் பரிசுப் புத்தகம் எடுக்கும்போது ஒரு காரியம் செய்யுங்கள். பெண் தலைவர் வரலாறு எதுவானாலும் பிரித்துப் பாருங்கள். அவரைத் தடுத்தது யார், ஏன் தடுத்தார்கள், அவர் என்ன செய்து மீறினார் என்று அதில் எழுதியிருக்கிறதா பாருங்கள். எழுதியிருந்தால் வாங்குங்கள். 'பல தடைகளைத் தாண்டி' என்று மட்டும் இருந்தால், அலமாரியிலேயே வைத்துவிட்டு, ஏன் வாங்கவில்லை என்று பதிப்பகத்தாரிடம் நேரில் சொல்லிவிட்டு வாருங்கள்.