வானத்திலும் சாசுவதம் இல்லை!

“விஞ்ஞானிகள் இன்றைக்கு ஒன்று சொல்வார்கள், நாளைக்கு வேறொன்று சொல்வார்கள். சூரியனும் பூமியும் உண்டான விதத்தைப் பற்றி அவர்களுக்குள்ளேயே ஒற்றுமை கிடையாது. ஆகவே பெரியவர்கள் சொன்னதை நம்பிக் கிடப்பதே மேல்.” இப்படி ஒரு பிரசாரம் நாட்டில் நடக்கிறது. மேடையிலும் நடக்கிறது, கையிலிருக்கும் செல்போன் வழியாகவும் வீடு தேடி வருகிறது.

ஆலைத் தொழிலாளிக்கும் வயல் தொழிலாளிக்கும் இந்த விவகாரத்தில் என்ன வேலை என்று சிலர் கேட்கலாம். வேலை இருக்கிறது. “சனி பிடித்திருக்கிறது, அதனால்தான் உனக்கு வேலை போயிற்று” என்று சொல்கிறவன், ஆலையை மூடிய முதலாளியை உன் கண்ணிலிருந்து மறைக்கிறான். “கிரகம் சரியில்லை, கூலி உயர்வு கேட்க இது காலமல்ல” என்கிறவன் மிராசுதாருக்குச் சம்பளமில்லாத காரியஸ்தன். வானத்தில் எல்லாம் ஆதிமுதல் வகுத்து வைத்தபடி நடக்கிறது என்று ஒப்புக்கொண்டவனை, பூமியிலும் எல்லாம் வகுத்து வைத்தபடிதான் என்று ஒப்புக்கொள்ள வைப்பது சுலபம். எனவே அந்தக் கிரகங்களின் பூர்வோத்தரத்தை நாம் விசாரித்தே தீர வேண்டும்.

முதல் உடைப்பு

கிரகங்கள் அத்தனையும் சூரியனை ஒரே திசையில் சுற்றுகின்றன. அவற்றின் பாதைகளும் ஏறக்குறைய ஒரே தட்டில் அமைந்திருக்கின்றன. களத்தில் பிணையல் மாடுகள் ஒரே பக்கமாகச் சுற்றுவது போன்ற ஒழுங்கு இது. இந்த ஒழுங்கு எங்கிருந்து வந்தது?

கிரகங்களைச் சூரியன் எப்படி இழுத்துப் பிடித்திருக்கிறது என்பதை 1687ல் நியூட்டன் கணக்கிட்டுக் காட்டினார். மாபெரும் சாதனை அது. ஆனால் அவை சுற்ற ஆரம்பித்தது எப்படி என்ற கேள்வி வந்ததும், அந்த மேதையும் கடவுளின் கையைத்தான் காட்டினார். ஒருமுறை அமைக்கப்பட்டது, அப்படியே என்றும் இருக்கும் என்பதே அன்றைய படிப்பாளிகளின் பொதுக் கருத்து.

இதில் முதல் உடைப்பை உண்டாக்கியவர் ஜெர்மன் தத்துவ ஞானி கான்ட். குதிரைகளுக்கு வார் தைக்கும் தொழில் செய்தவரின் மகன். 1755ல் தம் பெயரைப் போடாமல் அவர் ஒரு நூல் வெளியிட்டார். ஆதியில் சிதறிக் கிடந்த பொருள், தன் ஈர்ப்பினாலேயே திரண்டு, சுழன்று, சூரியனாகவும் கிரகங்களாகவும் ஆயிற்று என்று வாதித்தார். 1796ல் பிரெஞ்சு விஞ்ஞானி லாப்லாஸ், சுழலும் வாயு மண்டலம் குளிர்ந்து சுருங்கும்போது வளையங்களைக் கழற்றி விட்டது, அவையே கிரகங்களாயின என்று எழுதினார்.

இயற்கை மாறாதது என்ற கெட்டிப்பட்ட கருத்தில் முதல் ஓட்டை போட்டது கான்ட்டின் நூலே என்று ஏங்கெல்ஸ் மதிப்பிட்டார். வானத்துக்கும் சரித்திரம் உண்டு என்பதல்லவா அதன் பொருள்? சரித்திரம் உள்ளது எதுவோ, அதற்கு ஆரம்பமும் உண்டு, மாற்றமும் உண்டு, முடிவும் உண்டு.

தராசில் இடித்த கணக்கு

ஆனால் லாப்லாஸின் கருத்தில் ஒரு பெரிய இடைஞ்சல் இருந்தது. கயிற்று நுனியில் கல்லைக் கட்டிச் சுழற்றுங்கள். கயிறு விரலில் சுற்றிக் குறுகக் குறுக, கல் விரைந்து சுழலும். அதே விதிப்படி, சுருங்கித் திரண்ட சூரியன் மிக வேகமாகச் சுழல வேண்டும். நடப்பு அப்படி இல்லை. சூரியன் தன்னைத்தானே ஒருமுறை சுற்ற ஏறத்தாழ 25 நாட்கள் எடுக்கிறது. சூரிய மண்டலத்தின் மொத்தப் பொருளில் 99.8 சதவீதம் சூரியனிடம் இருக்கிறது. மொத்தச் சுழல் உந்தத்திலோ 2 சதவீதம்கூட அதனிடம் இல்லை. மீதியெல்லாம் கிரகங்களிடம் இருக்கிறது.

இந்த இடைஞ்சலால் வேறு கருத்து எழுந்தது. 1905ல் அமெரிக்காவின் சேம்பர்லினும் மோல்டனும், அதன் பிறகு இங்கிலாந்தின் ஜீன்ஸும் ஜெஃப்ரிஸும், வேறொரு நட்சத்திரம் சூரியனை உரசுவது போல வந்தது, அதன் இழுப்பில் சூரியனிலிருந்து பிய்ந்த பொருளே கிரகங்களாயிற்று என்றார்கள். கணக்கு இடித்தது, வேறு வழி தேடினார்கள். அதில் குற்றமில்லை.

நமது சண்டை அதன் மேல் கட்டிய உபதேசத்தோடுதான். நட்சத்திரங்கள் அவ்வளவு நெருங்குவது அபூர்வத்திலும் அபூர்வம். ஆகவே பூமியும் உயிரும் பிரபஞ்சத்தில் ஒரு தற்செயல் விபத்து என்ற முடிவுக்கு ஜீன்ஸ் வந்தார். 1930ல் வெளியிட்ட ‘மர்மப் பிரபஞ்சம்’ என்ற நூலில், பிரபஞ்சம் இயந்திரத்தைவிட ஒரு பேரறிவின் சிந்தனையைப் போலவே தோன்றுகிறது என்ற அளவுக்குப் போனார். அது உலகமெங்கும் நெருக்கடியும் வேலையில்லாத் திண்டாட்டமும் தலைவிரித்தாடிய நேரம். “நீ ஒரு விபத்து, மேலே ஒரு சிந்தனை இருக்கிறது” என்ற பேச்சு, பட்டினி கிடந்தவனுக்குச் சோறும் போடவில்லை, வழியும் காட்டவில்லை.

அந்தக் கருத்து என்ன ஆயிற்று? விஞ்ஞானமே அதைக் குப்புறத் தள்ளியது. 1935ல் ரஸ்ஸல் என்ற அமெரிக்க விஞ்ஞானி, கிரகங்களின் சுழல் உந்தக் கணக்கு இந்த மோதலிலும் சரிப்படவில்லை என்று காட்டினார். 1939ல் ஸ்பிட்ஸர், சூரியனிலிருந்து பிய்ந்து வரும் அவ்வளவு சூடான வாயு திரளாது, வெளியில் சிதறித்தான் போகும் என்று நிரூபித்தார். இளம் சூரியனின் காந்த சக்தியே அதன் சுழற்சிக்குத் தடை போட்டிருக்கும் என்று 1942ல் ஸ்வீடனின் ஆல்வேன் எடுத்துரைத்தார். லாப்லாஸை மடக்கிய இடைஞ்சலுக்கு இப்படி வழி பிறந்தது.

நம்மவர் என்பதற்காக அல்ல

1944ல் சோவியத் விஞ்ஞானி ஓட்டோ ஷ்மித் தமது கொள்கையை வெளியிட்டார். அவர் கணித நிபுணர். வட துருவக் கடல்களில் பயணங்களை நடத்திய வீரர். சூரியன் தன் வழியில் ஒரு தூசு மேகத்தைப் பிடித்துக் கொண்டது, அந்தக் குளிர்ந்த தூசும் துணுக்குகளும் ஒன்றோடொன்று சேர்ந்தே கிரகங்கள் வளர்ந்தன என்றார்.

இதில் முதல் பாதி நிற்கவில்லை. மேகத்தைச் சூரியன் வெளியிலிருந்து பிடிக்கவில்லை, சூரியனும் கிரகங்களும் ஒரே மேகத்தில் கூடப் பிறந்தவை என்பதே இன்று நிலைபெற்றிருக்கிறது. இரண்டாம் பாதி நின்றது. அவருடைய வழியில் சாஃப்ரோனவ், தூசு எப்படிப் பாறையாகி, பாறை எப்படிக் கிரகமாகிறது என்பதைக் கணக்கில் வடித்து 1969ல் நூலாக்கினார். அந்தக் கணக்கை அமெரிக்காவின் வெதரில் எடுத்து வளர்த்தார். பனிப்போர் நடந்த காலத்திலேயே இது நடந்தது!

சொன்னவர் சோவியத் நாட்டவர் என்பதற்காகப் பிழைபட்ட பாதியை நாம் தூக்கிப் பிடிக்க மாட்டோம். பாட்டாளி வர்க்கத்துக்குப் பொய்யால் ஒரு காசு லாபமும் கிடையாது.

இன்றைய கணக்கு இதுதான். ஏறத்தாழ 457 கோடி ஆண்டுகளுக்கு முன் வாயுவும் தூசும் கலந்த ஒரு குளிர்ந்த மேகம் தன் பாரத்தால் சுருங்கிற்று. சுருங்கியது சுழன்றது, சுழன்றது தட்டையாயிற்று. நடுவில் திரண்டது சூரியன். தட்டில் மிஞ்சிய தூசு ஒட்டி ஒட்டிக் கல்லாயிற்று. கற்கள் சேர்ந்து மலைகளாயின. மலைகள் மோதிச் சேர்ந்து கிரகங்களாயின. சூரியனுக்கு அருகே வெப்பம் அதிகம். அங்கே கல்லும் இரும்பும் மட்டுமே உறைந்து நின்றன. அதனால் புதன், வெள்ளி, பூமி, செவ்வாய் ஆகியவை பாறைக் கிரகங்கள். தூரத்தில் பனியும் உறைந்து சேர்ந்தது. அங்கே வியாழனும் சனியும் பெருத்து வாயுவையும் இழுத்துக் கொண்டன.

ஆம், நம் ஜாதகத்தில் ஏழரை ஆண்டு உட்கார்ந்திருப்பதாகச் சொல்லப்படும் அந்தச் சனிதான்! வாயுவும் பனியும் பாறையும் சேர்ந்த ஒரு உருண்டை. ராகு, கேதுவோ உருண்டைகள்கூட இல்லை. வானத்தில் சந்திரனின் பாதையும் சூரியனின் பாதையும் வெட்டிக் கொள்ளும் இரண்டு இடங்கள். அந்த இரண்டு இடங்களுக்குப் பயந்து எத்தனை ஏழைக் குடும்பங்கள் வட்டிக்கு வாங்கிப் பரிகாரம் செய்திருக்கின்றன!

கண்ணால் கண்ட சாட்சி

“பார்த்தது யார்?” என்பார்கள். பார்த்தாயிற்று. 1984ல் பீட்டா பிக்டோரிஸ் என்ற நட்சத்திரத்தைச் சுற்றித் தூசுத் தட்டு படமெடுக்கப்பட்டது. 2014ல் சிலி நாட்டின் அட்டகாமா பாலைவனத்திலுள்ள ரேடியோ தொலைநோக்கிகள், எச்.எல். டாவ்ரி என்ற இளம் நட்சத்திரத்தைப் படம் பிடித்தன. ஒளியே வந்து சேர ஏறத்தாழ 450 ஆண்டுகள் ஆகும் தூரம் அது. அதைச் சுற்றியும் ஒரு தட்டு. தட்டில் வரி வரியாக இடைவெளிகள். கிரகங்கள் உருவாகும்போது இப்படித்தான் இடைவெளி விழ வேண்டும் என்று கணக்கு முன்பே சொல்லியிருந்தது.

பூமி அபூர்வ விபத்து என்ற வாதமோ தவிடுபொடியாயிற்று. மற்ற நட்சத்திரங்களைச் சுற்றும் கிரகங்கள் ஐயாயிரத்துக்கு மேல் கண்டறியப்பட்டிருக்கின்றன. 1995ல் கண்ட ஒரு கிரகம், வியாழனில் பாதிப் பாரம் கொண்டது. அது தன் நட்சத்திரத்தை ஒட்டிக்கொண்டு 4 நாளில் ஒரு சுற்று சுற்றுகிறது. பெரிய கிரகம் இவ்வளவு அருகே எப்படி வந்தது? பிறந்த இடத்திலிருந்து கிரகங்கள் நகரவும் கூடும் என்று விஞ்ஞானிகள் தங்கள் கணக்கைத் திருத்தினார்கள். எதிரிகள் ஏளனம் செய்யும் அந்த மாற்றம் இதுதான். விஞ்ஞானம் திருத்திக் கொள்கிறது, அதனால் வளர்கிறது. திருத்தவே முடியாது என்று சொல்லப்படுவது எதுவோ, அதில்தான் யாரோ ஒருவருக்கு லாபம் ஒளிந்திருக்கிறது.

வயதைத் தேடியவர் கண்ட விஷம்

லாபம் விஞ்ஞானத்தின் கழுத்தையும் நெரிக்கும். பாட்டர்சன் என்ற அமெரிக்க விஞ்ஞானி, விண்கல்லில் உள்ள ஈயத்தை அளந்து, பூமிக்கு வயது 455 கோடி ஆண்டுகள் என்று 1956ல் அறிவித்தார். அந்த வேலையில் அவருக்கு ஓயாத தொல்லை ஒன்று இருந்தது. எந்தப் பாத்திரத்தில் வைத்தாலும் வெளியிலிருந்து ஈயம் வந்து கலந்தது. பெட்ரோலில் கம்பெனிகள் கலந்த ஈயம் காற்றிலும் மண்ணிலும் மனித ரத்தத்திலும் நிறைந்திருப்பதை அவர் கண்டார். 1965ல் அதை அம்பலப்படுத்தினார்.

அது புது விஷமும் அல்ல. 1924 அக்டோபரில் அமெரிக்காவின் நியூஜெர்சியில், அந்த ஈயச் சரக்கைத் தயாரித்த ஆலையில் 5 தொழிலாளர்கள் மூளை கலங்கி மாண்டார்கள். அப்படியும் வியாபாரம் நிற்கவில்லை. பாட்டர்சன் வாய் திறந்த பிறகு, எண்ணெய்த் துறையிலிருந்து அவருக்கு வந்து கொண்டிருந்த ஆராய்ச்சிப் பணம் நின்றது. அவர் பணியவில்லை. இந்தியாவில் ஈய பெட்ரோல் ஒழிய 2000ம் ஆண்டு ஆயிற்று. உலகில் கடைசியாக அல்ஜீரியாவில் 2021ல் ஒழிந்தது. பூமியின் வயதைத் தேடிய ஆராய்ச்சி, நம் குழந்தைகளின் ரத்தத்திலிருந்த விஷத்தைக் காட்டிக் கொடுத்தது. விஞ்ஞானம் நமக்கு எதற்கு என்று கேட்பவர்கள் இதற்குப் பதில் சொல்லட்டும்!

பாடத்தைக் கிழித்தவர்கள்

நம் நாட்டில் நடந்ததையும் பாருங்கள். 2022ல் பாடச் சுமையைக் குறைக்கிறோம் என்று சொல்லி, மத்திய பாடப் புத்தகங்களைத் தயாரிக்கும் என்.சி.இ.ஆர்.டி., எட்டாம் வகுப்பு விஞ்ஞானப் புத்தகத்திலிருந்து நட்சத்திரங்களும் சூரிய மண்டலமும் பற்றிய அத்தியாயத்தை எடுத்தது. 2023ல் வந்த பத்தாம் வகுப்புப் புத்தகத்தில் உயிரினங்களின் பரிணாமம் பற்றிய பகுதி இல்லை. விஞ்ஞானிகள் எதிர்த்துக் கூட்டாக அறிக்கை விட்டார்கள். எட்டாம் வகுப்புக்கு 2025ல் வேறு புத்தகம் வந்துவிட்டது. ஆனால் சுமை குறைக்க வேண்டும் என்றதும் கத்தி எங்கே போயிற்று என்பதை நாம் மறக்கக் கூடாது. இடையில் படித்த பிள்ளைகளுக்கு அந்த ஆண்டுகளை யார் திருப்பித் தருவது? தனிப்பள்ளிப் பிள்ளைக்கு வேறு புத்தகம் வாங்கிக் கொடுக்கத் தகப்பனிடம் பணம் இருக்கும். கூலிக்காரன் பிள்ளைக்குப் பள்ளிப் புத்தகம்தானே ஒரே ஜன்னல்?

விஞ்ஞான மனப்பான்மையை வளர்ப்பது ஒவ்வொரு பிரஜையின் கடமை என்று, 1976ல் சேர்க்கப்பட்ட அரசியல் சட்டத்தின் 51-அ பிரிவு சொல்கிறது. கடமையைச் சொல்லிவிட்டுப் பாடத்தை எடுப்பது, ஏரைக் கொடுத்துவிட்டு மாட்டை ஓட்டிக்கொண்டு போவதற்குச் சமம்.

தோழர்களே! சூரியனுக்கே பிறப்பு உண்டு. இன்னும் ஏறத்தாழ 500 கோடி ஆண்டுகளில் அதற்கும் முடிவு உண்டு. நிலைத்து நின்றது வானத்தில் ஒன்றும் இல்லை என்னும்போது, நேற்று முளைத்த மிராசும் முந்தாநாள் வந்த முதலாளித்துவமும் மட்டும் சாசுவதமா? ஆனால் மேகம் தானாகச் சுருங்கியது போலச் சமுதாயம் தானாக மாறிவிடாது. அதை மாற்ற மனிதன் வேண்டும். அறிந்த மனிதன், சேர்ந்த மனிதன்.

ஆகவே சங்கக் கூட்டங்களில், படிப்பகங்களில் இந்த விஷயங்களைப் பேசுங்கள். உங்கள் ஊர்ப் பள்ளியில் விஞ்ஞான ஆசிரியர் இருக்கிறாரா, சோதனைக் கூடம் திறந்திருக்கிறதா என்று போய்க் கேளுங்கள். இல்லையென்றால் கூலி உயர்வுக் கோரிக்கையோடு அதையும் எழுதிக் கொடுங்கள். உங்கள் பிள்ளை புத்தகத்தில் சூரிய மண்டலம் இருக்க வேண்டும்; உங்கள் நெற்றியில் சனி இருக்க வேண்டாம்!