ஏறவும் இறங்கவும்

ஏணி என்று ஒன்று இருந்தால் அதில் ஏறவும் முடியவேண்டும், இறங்கவும் நேரவேண்டும். அமெரிக்காவின் என்.பி.ஏ. கூடைப்பந்து லீகில் இரண்டுமே கிடையாது. முப்பது குழுக்கள், முப்பதுக்கும் நிரந்தரப் பட்டா! 2023-24இல் டெட்ராய்ட் பிஸ்டன்ஸ் தொடர்ந்து 28 ஆட்டங்களில் தோற்றது. 82 ஆட்டங்களில் வென்றவை பதினான்குதான். தண்டனை? ஒன்றுமில்லை. புது வீரர்களைப் பங்கிடும் குலுக்கலில் கடைசியில் நிற்பவர்களுக்கே அதிக வாய்ப்பு என்பதுதான் அங்கே நியாயம்!

ஸ்பெயினைப் பாருங்கள். முதல் டிவிஷனில் பதினெட்டுக் குழுக்கள். கடைசி இரண்டும் ஆண்டுதோறும் கீழே இறங்கும். கீழிருந்து இரண்டு மேலே வரும். 1948இல் பள்ளி மாணவர்கள் தொடங்கிய மாட்ரிட் நகரத்து எஸ்டுடியாண்டஸ், பெரும் பெயர் பெற்ற குழு. அதுவும் 2021இல் இறங்கத்தான் நேர்ந்தது. பழம்பெருமை குறுக்கே நிற்கவில்லை.

“பணம் போட்டவர் கதி என்ன?” என்று கேட்கிறார்கள். ரசிகன் போட்டிருப்பதும் முதல்தான், ஐயா! மழையிலும் பனியிலும் டிக்கெட் வாங்கி வருகிறானே, அந்த விசுவாசத்துக்கு என்ன ஈடு? கடைசி இடத்துக் குழுவின் கடைசி ஆட்டத்திலும் உயிர் இருக்கவேண்டுமானால், தோல்விக்கு ஒரு விலை வேண்டும். சின்ன ஊர்க் குழுவுக்கும் ஒரு கதவு திறந்திருக்கவேண்டும்.

விலையில்லாத தோல்வி, வெற்றியையும் மலிவாக்கிவிடும்.