‘ஸ்டோரி’ வெச்சாச்சு, அப்புறம்? சூசன் சொன்டாக் அன்றே கேட்ட கேள்வி!

2024 மே 26. காஸாவின் ராஃபாவில், இடம்பெயர்ந்த மக்கள் தங்கியிருந்த முகாம் மீது இஸ்ரேல் நடத்திய தாக்குதலில் குறைந்தது 45 பேர் கொல்லப்பட்டதாக காஸா சுகாதார அமைச்சகம் தெரிவித்தது. அடுத்த சில நாள்களில் ‘ஆல் ஐஸ் ஆன் ராஃபா’ என்ற படம் இன்ஸ்டாகிராமில் 4 கோடி முறைக்கு மேல் ஷேர் ஆனது. நீங்களும் ஸ்டோரி வெச்சிருக்கலாம்.

அந்தப் படம் ஞாபகம் இருக்கா? வரிசை வரிசையாகக் கூடாரங்கள், பின்னால் மலைகள். ரத்தம் இல்லை. அடையாளம் தெரிகிற ஒரு முகம்கூட இல்லை. ஏன்னா, அது ஏஐ உருவாக்கிய படம். உயிரைப் பணயம் வைத்து எடுத்த நிஜப் படங்கள் இருக்கும்போது, நிஜத்தில் இல்லாத ஒரு காட்சி ஏன் உலகைச் சுற்றியது?

யார் இந்த சொன்டாக்?

தத்துவம் படித்த அமெரிக்கச் சிந்தனையாளர். 1945-ல், 12 வயதில், ஒரு புத்தகக் கடையில் நாஜி வதைமுகாம் படங்களைத் தற்செயலாகப் பார்த்தார். தன் வாழ்க்கையையே அதற்கு முன், அதற்குப் பின் எனப் பிரித்துவிட்ட தருணம் அது என்று பின்னாளில் எழுதினார். 1977-ல் வெளியான ‘ஆன் ஃபோட்டோகிராஃபி’ புத்தகத்தில் அவர் சொன்னது இதுதான்: கொடூரமான படங்களைத் திரும்பத் திரும்பப் பார்த்தால் மனசு மரத்துப்போகும்.

‘கரெக்ட்தானே, நமக்கும் அப்படித்தானே ஆகுது’ என்று தோணும். ஆனால், கதை இங்கே முடியவில்லை.

தன் கருத்தையே கேள்வி கேட்டவர்

1993-ல், முற்றுகைக்குள் இருந்த சரயேவோ நகருக்குப் போய், மெழுகுவத்தி வெளிச்சத்தில் நாடகம் போட்டார் சொன்டாக். பத்து ஆண்டுகள் கழித்து, 2003-ல் எழுதிய ‘ரிகார்டிங் தி பெயின் ஆஃப் அதர்ஸ்’ புத்தகத்தில் தன் பழைய வாதத்துக்கு ஆதாரம் இருக்கிறதா என்று தானே சந்தேகப்பட்டார். ‘எல்லாமே வெறும் காட்சி ஆகிடுச்சு’ என்று அலுத்துக்கொள்வது பாதுகாப்பான இடத்தில் இருப்பவர்களின் சொகுசு. குண்டு விழும் ஊரில் இருப்பவருக்கு அது காட்சி இல்லை, வாழ்க்கை என்றார்.

அப்போ மனசு ஏன் மரத்துப்போகுது? படங்களின் எண்ணிக்கையால் அல்ல, நம்மால் எதுவும் செய்ய முடியாது என்ற எண்ணத்தால். செயலாக மாறாத இரக்கம் வாடிவிடும் என்பதே அவர் வாதத்தின் சாரம்.

நமக்கு என்ன?

சொன்டாக் 2004 டிசம்பரில் இறந்தார். ஐபோன் வந்தது 2007-ல், இன்ஸ்டாகிராம் 2010-ல். ஆனாலும் அவர் எழுதியது நம் ஃபீடுக்கு அப்படியே பொருந்துகிறது.

டிஜிட்டல் டெஸ்க்கில் வேலை பார்க்கிற எனக்கு இது தினசரிப் பிரச்னை. எந்தப் படத்தை முகப்பில் வைப்பது, எதை பிளர் செய்வது? பிளர் செய்தால் வாசகருக்கு நிம்மதி. ஆனால், நடந்தது என்ன என்பதும் சேர்ந்தே மங்கிவிடுகிறது. அந்த ஏஐ படமும் ஒருவகையில் பிளர்தான். யாரையும் தொந்தரவு செய்யாத துயரம். அதனால்தான் அது அவ்வளவு எளிதாக ஷேர் ஆனது என்பது என் கருத்து.

ஷேர் பண்றது தப்பில்லை. அது தகவல் பரவ உதவும். ஆனால், அதுவே கடமை முடிந்ததற்கான ரசீது ஆகிவிடக் கூடாது. அடுத்த முறை ஷேர் பட்டனைத் தொடும் முன் மூன்றே கேள்விகள்: இது நிஜப் படமா? யார், எங்கே எடுத்தது? இதைப் பார்த்த பிறகு நான் ஒரு செய்தியை முழுசாகப் படிக்கவாவது போகிறேனா?

மூன்றாவது கேள்விக்கு ‘ஆமாம்’ என்றால், அந்தப் படம் வெறும் காட்சியாக முடியவில்லை என்று அர்த்தம்.