மறமும் ஒழுங்கும்

கேடயத்தோடு மீள வேண்டும், இல்லையேல் அதன்மேல் கிடந்து வரவேண்டும் என இசுபார்த்தத் தாய் மகனைப் போருக்கு விடுத்ததாகப் புளூட்டார்க்கு எழுதினார். மகன் புறமுதுகிட்டான் எனக் கேட்டு, அவனைப் பிணக்குவியலில் தேடிய தாயைப் புறநானூறு காட்டும். மறத்தில் தமிழர் எவர்க்கும் இளைத்தவரல்லர். ஆனால், அக்கேடயம் இடப்பக்கத்தே நிற்பவனையும் காப்பது. அதனை எறிந்தால் அணியே குலையும்.

1781 செபுதம்பர் 27இல் சோளிங்கரில் அணி குலையாது நின்று ஐதர் அலியை வென்ற ஆங்கிலத் தளபதி அயர்கூட்டின் படையில் பெரும்பாலோர் இந்நாட்டு மறவரே. ஒழுங்கு இருந்தது, அஃது அயலானுக்கு விலைபோயிற்று!

1806 சூலை 10இல் அருகிலுள்ள வேலூர்க் கோட்டையில் மறவர் தமக்கென எழுந்தனர். கோட்டையும் கைக்கு வந்தது. பின்னர்ப் பலர் காவலை விட்டுக் கொள்ளையில் சிதறினர். ஆர்க்காட்டினின்று கில்லெசுபி குதிரைப்படையொடு விரைந்து வந்தான். அன்றைக்கே கோட்டை பறிபோயிற்று, நூற்றுக்கணக்கானோர் மாண்டனர்.