கமராவுக்குத் தப்பிய முதலாளிகள்

விவரணச் சித்திரத்தின் தந்தையென றொபேட் பிளாஹேர்ட்டியைப் போற்றுவோர் இன்றும் உளர். அவர் காட்சிகளின் அழகை யாரும் மறுப்பதற்கில்லை. ஆனால், உலகின் கோடிகளுக்கெல்லாம் சென்ற அக்கமரா எவரைக் காட்டவில்லை என்று கேட்பது நம் கடமையன்றோ?

1922இல் வெளிவந்த ‘வடபுல நனூக்’ படத்துக்குப் பணமளித்தது றெவியோன் என்னும் பிரெஞ்சு உரோம வணிக நிறுவனம். நனூக்காகத் தோன்றியவரின் உண்மைப் பெயர் அலக்கரியலக். துப்பாக்கி பழகிவிட்ட அம்மக்கள் படத்துக்காக மீண்டும் ஈட்டி ஏந்தினர். வணிக நிலையமும் படத்தில் வருகிறது. அங்கே வணிகன் குழந்தைகளுக்கு விருந்தளிக்கும் வள்ளல்! அவ்வுரோமம் ஐரோப்பாவில் பெற்ற விலையைப் படம் சொல்வதில்லை.

மறையும் பண்பாட்டைக் காத்தார் என்போர் 1934இன் ‘ஆரன் மனிதன்’ படத்தைப் பார்க்கட்டும். அயர்லாந்தின் அத்தீவினர் எப்போதோ கைவிட்ட சுறா வேட்டையை அவர்களுக்கே கற்பித்துப் படமாக்கினார். பழமையை மீட்பதானால், குத்தகைக்காக அவர்தம் முன்னோரைக் குடியெழுப்பிய நிலப்பிரபுவையும் மீட்டிருக்கலாமே! சுறாவுக்குக் கிடைத்த இடம் அவனுக்குக் கிடைக்கவில்லை.

1948இல் ‘லூசியானாக் கதை’. பணம் ஸ்ரான்டாட் ஒயில் நிறுவனத்துடையது. சதுப்பு நீரில் எண்ணெய்க் கோபுரம் வருகிறது; கிணறு சீறி வெடித்து அடங்குகிறது; கோபுரம் விடைபெறுகையில் சிறுவன் சிரித்தபடி கையசைக்கிறான்.