மூங்கில் வாளும் மானமும்

சாமுராய் எண்டாலே எங்களில கனபேருக்கு டொம் குரூஸ் நடிச்ச ‘தி லாஸ்ட் சாமுராய்’ (2003) தான் ஞாபகம் வரும். துவக்கைத் தொடாமல், வாளோடு இயந்திரத் துவக்குக்கு முன்னால் பாய்ந்து சாகிற வீரர்கள். நாங்களும் கண் கலங்கினனாங்கள்தான். ஆனால் அந்தக் கதைக்கு மூலமான 1877 சற்சுமா கிளர்ச்சியில் சைகோ தக்காமோரியின் ஆட்கள் துவக்கும் பீரங்கியும் வைத்தே சண்டை பிடித்தார்கள். மானத்துக்காகத் துவக்கை ஒதுக்கின சாமுராய், ஹொலிவூட் கட்டின கதை.

அதை விடுவம். எங்கட கோபம் வேற. மசாக்கி கோபயாஷியின் ‘ஹராகிரி’யையும் (1962) சிலர் அதே கண்ணால் பார்த்து, “என்ன மானஸ்தன்!” என்று ஹன்ஷிரோவைப் புகழுகிறார்கள். படம் பார்க்காதவர்கள் இதோட நிப்பாட்டி, பார்த்திட்டு வாங்கோ.

கதை நடப்பது 1630இல். போர்கள் ஓய்ந்து, பிரபுக்களின் குலங்கள் கலைக்கப்பட்டு, வேலையில்லாத சாமுராய்கள் எடோவில் பட்டினி கிடக்கிறார்கள். பிள்ளைக்குக் கடும் காய்ச்சல், வைத்தியருக்குக் காசில்லை. மொட்டோமே என்ற இளைஞன் இயி பிரபுவின் மாளிகைக்குப் போய், வயிற்றைக் கிழித்துச் சாக முற்றம் கேட்கிறான். ஏதும் தந்து அனுப்புவார்கள் என்ற நப்பாசை. அவர்களோ “சொன்னதைச் செய்” என்கிறார்கள். உறைக்குள் இருப்பது மூங்கில். உண்மையான வாளை எப்பவோ வித்திட்டான். அந்த மூங்கிலாலேயே கிழிக்க வைக்கிறார்கள். இதுக்குப் பெயர் மானமாம்!

பிறகு கணக்குக் கேட்க அதே முற்றத்துக்கு வருபவர்தான் மாமனார் ஹன்ஷிரோ. அவர் வாள் சுழற்றுகிற காட்சிகளுக்குத்தான் கைதட்டு. எங்களுக்கு முக்கியம், மருமகனின் பிணத்துக்கு முன்னால் அவர் உடைகிற இடம். குடும்பத்துக்காக அவன் வாளை வித்திருக்கிறான். தனக்கு அந்த நினைப்பே வரவில்லை. பேரப்பிள்ளை காய்ச்சலில் கிடக்க, அந்த இரும்பைக் கட்டிப்பிடித்துக்கொண்டு இருந்திருக்கிறார். இதைத் தன் வாயாலேயே ஒத்துக்கொள்கிற மனுசனை மானம் காத்தவர் என்று மாலை போடுறது எந்த நியாயம்? அவர் வந்ததே அந்த மானத்தின்ர தோலை உரிக்க.

கோபயாஷியும் சும்மா ஆள் இல்லை. இரண்டாம் உலகப் போரில் ஏகாதிபத்தியப் படைக்குப் பிடித்துக்கொண்டு போகப்பட்டு, பதவி உயர்வை மறுத்து, கடைசிவரை சாதாரண சிப்பாயாகவே நின்றவர்.

கடைசியில் வாளின் பெருமை பேசின அதே மாளிகை, தனி ஒருவனைத் துவக்கால்தான் சுடுகிறது. ஹன்ஷிரோ தூக்கி எறிந்த மூதாதையரின் கவசத்தை ஒட்டித் திரும்பவும் பீடத்தில் வைக்கிறார்கள். இரத்தத்தைக் கழுவுகிறார்கள். ஹன்ஷிரோவிடம் குடுமியைப் பறிகொடுத்த மூன்று வீரர்களும் நோயில் செத்ததாகக் குறிப்பேட்டில் எழுதுகிறார்கள்.