நாட்காட்டியில் இல்லாத பிலோமினா

அண்மையில், திருமுழுக்கு ஆயத்தங்கள் நடந்துகொண்டிருந்த ஒரு வீட்டிற்குச் சென்றிருந்தேன். பெண் குழந்தைக்குப் பெயர் சூட்டுவதில் அங்கே சிறியதொரு மனத்தாங்கல். தம்மை வளர்த்த அம்மம்மாவின் பெயரையே பிள்ளைக்கும் வைக்க வேண்டும் என்பது குழந்தையின் தாயாரது ஆசை. அந்தப் பெயர் பிலோமினா. “அது பழைய பெயர். அதோடு, அப்படியொரு புனிதையே இல்லையென்று திருச்சபையே நீக்கிவிட்டதாம்” என்றார் தந்தையார். சாய்மனைக் கதிரையில் செபமாலையுடன் அமர்ந்திருந்த அம்மம்மா என்னைப் பார்த்துக் கேட்டார்: “அப்ப தம்பி, இவ்வளவு காலமும் நான் ஆற்றை பேரை வைச்சிருந்தனான்?”

அந்த வினாவுக்கு அன்று நான் தகுந்த விடை கூறவில்லை. ஒரு மூதாட்டி வாழ்நாளெல்லாம் சுமந்த பெயரைக் குறித்து எழுப்பிய வினா அது. சிரித்து மழுப்பிவிடக் கூடியதன்று. எம் குடும்பங்களில் பிலோமினா என்ற பெயருடைய அம்மம்மாவோ, அப்பம்மாவோ, பெரியம்மாவோ பலருக்கும் இருப்பர். ஆகவே அந்த விடையை இவ்வாரம் எல்லோருக்குமாக எழுதுகின்றேன்.

மூன்று ஓடுகள்

உரோமை நகரின் சலாரியா வீதியில் பிரிசில்லா சேமக்காலை என்னும் பழைமையான நிலத்தடி அடக்கத்தலம் உள்ளது. ஆதிக் கிறிஸ்தவர்கள் அங்கே மண்ணைக் குடைந்து மாடங்கள் அமைத்து, தம் இறந்தோரைக் கிடத்தி, கல்லாலோ ஓட்டாலோ மூடினர். 1802 ஆம் ஆண்டு மே மாதத்தில் அவ்வாறான ஒரு மாடம் கண்டெடுக்கப்பட்டது. அதனை மூன்று சுட்டமண் ஓடுகள் மூடியிருந்தன. அவற்றில் சிவப்பு நிறத்தில் எழுத்துகளும், நங்கூரம், அம்புகள், குருத்தோலை ஆகிய அடையாளங்களும் தீட்டப்பட்டிருந்தன. உள்ளே ஓர் இளம் பெண்ணின் எலும்புகள் இருந்தன.

ஓடுகள் இருந்த வரிசையில் வாசித்தால் “லூமெனா – பாக்ஸ் தே – கும் ஃபி” என்று பொருளற்று நின்றது. முதல் ஓட்டை எடுத்து இறுதியில் வைத்தபோது பொருள் புலப்பட்டது. “பிலோமினா, உனக்குச் சமாதானம்” என்பதே அந்த இலத்தீன் வாசகம். பிறந்த ஆண்டோ, பெற்றோரின் பெயரோ, இறந்த விதமோ அங்கு எழுதப்பட்டிருக்கவில்லை. ஒரு பெயரும் ஒரு வாழ்த்துமே எழுதப்பட்டிருந்தன.

அந்தப் பெயர் கிரேக்க மொழிக்குரியது. “அன்புசெய்யப்படுபவள்” என்பது அதன் பொருள். அதனை இலத்தீனாகப் பிரித்து “ஒளியின் மகள்” என்று பொருள் கூறுவோரும் உளர். கேட்க இனிமையாயினும் அது பிற்காலத்தார் தந்த விளக்கமே. அவள் கிரேக்க அரசனின் மகள் என்றும், தியோக்கிளேசியன் பேரரசனை மணக்க மறுத்துக் கொல்லப்பட்டாள் என்றும் நாம் சிறுவயதில் கேட்ட கதை, நேப்பிள்ஸ் நகரத் துறவி ஒருவர் 1833 இல் தமக்கு வெளிப்படுத்தப்பட்டதாகக் கூறியதிலிருந்து வந்தது. அது பக்திக்குரிய செய்தியாகலாம், வரலாற்றுச் சான்றாகாது.

சிறு கிராமத்திலிருந்து உலகெங்கும்

1805 இல் அந்த எலும்புகள் இத்தாலியின் முஞ்ஞானோ என்னும் சிற்றூருக்குக் கொண்டுசெல்லப்பட்டன. அங்கே நலம்பெற்றோர் பலர் எனச் செய்தி பரவியது. 1835 இல் பிரான்சின் லியோன் நகரிலிருந்து பவுலின் ஜாரிக்கோ என்ற பெண்மணி கடும் இதய நோயுடன் அங்கு சென்று குணமடைந்தார். தொழிலாளரிடம் வாரம் ஒரு காசு சேர்த்து 1822 இல் விசுவாசப் பரப்புதல் சங்கத்தைத் தோற்றுவித்தவர் இவரே. ஒக்டோபர் மாதத்து மறைபரப்பு ஞாயிறு காணிக்கையை நாம் செலுத்தும் போதெல்லாம் இவர் நட்ட மரத்துக்கே நீர் வார்க்கின்றோம். வறுமையில் மரித்த இவர் 2022 மே 22 ஆம் திகதி முத்திப்பேறு பெற்றவராக உயர்த்தப்பட்டார்.

பவுலின் வழியாகவே ஆர்ஸ் பங்குத்தந்தை புனித ஜோன் மரிய வியான்னிக்கு பிலோமினாவின் திருப்பண்டம் கிடைத்தது. தம் பங்கில் நிகழ்ந்த புதுமைகளைப் பற்றி மக்கள் வியந்தபோது, அவையெல்லாம் பிலோமினாவின் செயல் என்று கூறி அவர் தம்மை மறைத்துக்கொண்டார். 1837 இல் பாப்பரசர் பதினாறாம் கிரகோரியார் அவள் பெயரில் திருவழிபாடு நடத்தச் சில மறைமாவட்டங்களுக்கு அனுமதி வழங்கினார். பத்தாண்டுகளின் பின், 1847 இல், பிரான்சில் தோன்றிய அமலமரித் தியாகிகள் சபையார் இலங்கை வந்தனர். அவர்கள் விட்டுவந்த நாடு அந்தப் பக்தியால் நிறைந்திருந்த காலம் அது. அயல் நாட்டு மைசூரிலும் பேராலயம் ஒன்று அவள் பெயராலேயே அறியப்படுகின்றது. 1933 இல் அதற்கு அடிக்கல் நாட்டியவர் இந்து சமயத்தவரான மைசூர் மன்னர்.

1961 இல் நடந்தது என்ன?

1961 பெப்ரவரி மாதத்தில் உரோமைத் திருவழிபாட்டுப் பேராயம் பிலோமினாவின் விழாவை எல்லா நாட்காட்டிகளிலிருந்தும் அகற்றப் பணித்தது. இரண்டாம் வத்திக்கான் சங்கத்தின் மீது சிலர் இப்பழியைச் சுமத்துவர். அது தவறு. சங்கம் தொடங்கியதே 1962 இல்தான்.

காரணம் எளியது. ஒராசியோ மருக்கி என்ற தொல்லியல் அறிஞர் 1904 இலேயே அந்த ஓடுகளை ஆராய்ந்திருந்தார். அவை வேறொரு பழைய கல்லறையில் இருந்தவை என்றும், பின்னர் இன்னொருவரின் அடக்கத்திற்கு எடுத்துப் பயன்படுத்தப்பட்டவை என்றும் அவர் கருதினார். வரிசை மாறியிருந்ததன் பொருளும் அதுவே என்றார். அவ்வாறாயின் பெயர் ஒருத்திக்கும் எலும்புகள் வேறொருத்திக்கும் உரியனவாகின்றன. வேதசாட்சி என்று உறுதிகூறவும் சான்றில்லை. உறுதியில்லாத ஒன்றைப் பொது வழிபாட்டில் வைத்திருக்கத் திருச்சபை விரும்பவில்லை. ஆயினும் அவள் வாழவில்லை என்று அது கூறவுமில்லை. தனிப்பட்ட செபத்தைத் தடுக்கவுமில்லை. முஞ்ஞானோ திருத்தலம் இன்றும் திறந்தேயிருக்கின்றது.

எனது கருத்தில், இது திருச்சபை வெட்கப்பட வேண்டிய செயலன்று. பெருமைப்பட வேண்டிய நேர்மை. உண்மையைக் கண்டு விசுவாசம் அஞ்ச வேண்டியதில்லை. பழைய கதையைக் காப்பாற்றுவதற்காகச் சான்றுகளை மறைப்பதும் தவறு. சான்றில்லை என்பதற்காக ஒரு பெயரையே எள்ளி நகையாடுவதும் தவறு.

மன்னாரும் உரோமையும்

எமது மண்ணையே எண்ணிப் பாருங்கள். 1544 இல் மன்னாரில், பெற்ற திருமுழுக்கை மறுதலிக்க மறுத்தமைக்காக அறுநூறு பேரளவில் சங்கிலி மன்னனின் ஆணையால் கொல்லப்பட்டனர். தோட்டவெளியில் முழந்தாளிடும் எவரிடமாவது அந்த அறுநூறு பேரின் பெயர்களைக் கேட்டால் கூற இயலாது. அதற்காக அவர்களை நாம் மறந்துவிட்டோமா? மன்னாரில் வரலாறு இருக்கின்றது, பெயர்கள் இல்லை. உரோமைச் சேமக்காலையில் பெயர் இருக்கின்றது, வரலாறு இல்லை. இரண்டையும் முழுமையாக அறிந்தவர் இறைவன் ஒருவரே. ஆண்டுதோறும் நவம்பர் முதலாம் திகதி சகல புனிதர்களின் விழாவைக் கொண்டாடுவதும், எந்த நாட்காட்டியிலும் இடம்பெறாதவர்களையும் நினைவுகூரத்தானே? பெயர் சொல்லி எம்மை அழைத்து உரிமையாக்கிக்கொண்டதாக எசாயா நூலின் 43 ஆம் அதிகாரத்தில் ஆண்டவர் கூறுகின்றார். அவரது ஏட்டில் பெயர்கள் அழிவதில்லை.

இனி, இன்றைய பெற்றோருக்கு ஒரு வார்த்தை. 1917 ஆம் ஆண்டின் திருச்சபைச் சட்டம், பிள்ளைக்குக் கிறிஸ்தவப் பெயர் சூட்டப்படுவதைப் பங்குத்தந்தையின் கவனத்தில் விட்டிருந்தது. 1983 ஆம் ஆண்டின் சட்டம், கிறிஸ்தவ உணர்வுக்கு ஒவ்வாத பெயர் வேண்டாம் என்று மட்டுமே கேட்கின்றது. இச்சுதந்திரம் நல்லதே, அழகிய தமிழ்ப் பெயர்களுக்கு அது வழி திறந்தது. ஆனால் அதனை நாம் எவ்வாறு பயன்படுத்துகின்றோம்? எண்சாத்திரம் பார்த்து ஓரெழுத்தைக் கூட்டியும் ஓரெழுத்தைக் குறைத்தும், பெற்றோருக்கே பொருள் தெரியாத ஓசைகளைப் பிள்ளையின் தலையில் ஏற்றுகின்ற கத்தோலிக்க வீடுகள் எத்தனை! “புனிதை உண்மையா?” என்று ஆராய்ந்து கேட்கும் நாம், எண்சாத்திரம் உண்மையா என்று ஒருபோதும் கேட்பதில்லை.

அந்த வீட்டார் என்ன பெயரைத் தெரிந்தெடுப்பர் என்பது அவர்களது உரிமை. பிலோமினா என்றே வைப்பாராயின், பிள்ளை வளர்ந்ததும் கதையை அல்ல, உண்மையைக் கூறட்டும்: “முன்னொரு காலத்தில் ஒரு மகளை மண்ணில் கிடத்திய கிறிஸ்தவர்கள், அழுதுகொண்டே அவளுக்குச் சமாதானம் என்று எழுதிவைத்தார்கள். அவளுடைய பெயர்தான் உனக்கும், உன் பூட்டிக்கும்.” ஒரு பிள்ளை தன் பெயரை நேசிப்பதற்கு இவ்வளவும் போதும்.

அம்மம்மா, தாங்கள் கேட்ட வினாவுக்கு இதுவே என் விடை. தாங்கள் சுமந்தது இல்லாத ஒருத்தியின் பெயரை அன்று. யாராலோ மிகவும் அன்புசெய்யப்பட்ட ஒரு மகளின் பெயரை. தங்களை மடியில் வைத்து அப்பெயரைச் சூட்டிய தாயும் அந்த அன்பினாலேயே சூட்டினாள். நாட்காட்டியில் இடமில்லாவிடினும், ஆண்டவரின் உள்ளங்கையில் அதற்கு இடமுண்டு. உமக்கும் சமாதானம்!